ஒரே கிண்ணம், இரு பந்தி: தஞ்சை வேதநாயகம் சாஸ்திரியாரின் வாழ்வும் நற்கருணைச் சிந்தனையும்

முன்னுரை

தமிழ்க் கிறித்தவ இலக்கிய வரலாற்றில் தஞ்சை வேதநாயகம் சாஸ்திரியார் (1774–1864) பெத்லகேம் குறவஞ்சியின் ஆசிரியராகவும் கீர்த்தனைக் கவிஞராகவும் அறியப்பட்டவர். அவரைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவை பெரும்பாலும் அவருடைய சிற்றிலக்கியப் புலமையையும் இரண்டாம் சரபோஜி மன்னரோடு அவருக்கிருந்த தொடர்பையும் மையமாகக் கொண்டவை. 1820களின் இறுதியில் தஞ்சைச் சபையில் எழுந்த சாதி வழக்கில் அவர் மேற்கொண்ட நிலைப்பாடு அத்தகைய நூல்களில் சுருக்கமாகக் கடந்து செல்லப்படுகிறது. கவிஞரின் பெருமைக்கு ஒவ்வாத செய்தி என்று சிலர் அதனை ஒதுக்குவர். காலத்தின் குறை என்று சிலர் அமைதி கூறுவர்.

அந்நிலைப்பாட்டை நற்கருணை பற்றிய இறையியல் வரலாற்றின் ஒரு பகுதியாக வைத்துப் படிக்க இக்கட்டுரை முயல்கிறது. அப்பத்திலும் இரசத்திலும் நிகழ்வது யாது என்பதே ஐரோப்பியத் திருச்சபை பல நூற்றாண்டுகள் வாதிட்ட வினா. அந்த அப்பத்தைச் சூழ்ந்து அமர்பவர் யார், எவருக்குப் பின் எவர் கிண்ணத்தைத் தொடுவது என்பது தமிழகச் சபைகள் எழுப்பிய வினா. இரண்டாம் வினாவும் இறையியல் வினாவே. அது ஒரு தனிமனிதரின் வாழ்வில் எவ்வாறு கூர்மை பெற்றது என்பதற்குச் சாஸ்திரியாரின் வரலாறு தெளிவான சான்று.

ஐரோப்பிய விவாதமும் தமிழ்ச் சொற்களும்

இயேசு தம் சீடரோடு உண்ட இறுதி இரவுணவின் நினைவாகத் தொடங்கிய சடங்கு, முதல் நூற்றாண்டிலேயே சமூக வேறுபாட்டால் சோதனைக்குள்ளானது. கொரிந்து நகரத்துச் சபையில் வசதி உடையோர் முந்தி உண்ண, இல்லாதோர் பசித்திருந்த நிலையைப் பவுல் தம் மடலில் கண்டித்தார். ஒரே அப்பத்தில் பங்குபெறுவோர் ஒரே உடலாவர் என்னும் கருத்தை அவர் அம்மடலிலேயே நிறுவினார். பிற்கால ஐரோப்பாவில் இக்கருத்து பின்னுக்குச் சென்று, அப்பத்தின் தன்மை பற்றிய ஆராய்ச்சி முன்னுக்கு வந்தது. 9ஆம் நூற்றாண்டில் பஸ்காசியுஸ் ராட்பெர்ட்டும் ரத்ராம்னுவும் இதுபற்றி மாறுபட்டு எழுதினர். 1215இல் நான்காம் இலாத்தரன் பொதுச்சங்கம் பொருள்மாற்றக் கொள்கையை ஏற்றது. 1529இல் மார்பூர்க்கில் லுத்தரும் சுவிங்கிலியும் நேருக்கு நேர் வாதிட்டு உடன்பாடின்றிப் பிரிந்தனர். கிறிஸ்து மெய்யாகவே அப்பத்தோடு பிரசன்னமாகிறார் என்றார் லுத்தர்; அப்பம் நினைவுக் குறியே என்றார் சுவிங்கிலி.

மற்றொரு செய்தியும் இங்கு நோக்கத்தக்கது. பொதுநிலையினர்க்கு அப்பம் மட்டுமே வழங்கப்பட வேண்டும் என்று 1415இல் கான்ஸ்டன்ஸ் பொதுச்சங்கம் விதித்தது. கிண்ணத்தை மீண்டும் மக்கள் கைக்குக் கொணர்ந்தது சீர்திருத்த இயக்கத்தின் வெற்றிகளுள் ஒன்று. அந்த வெற்றியே தமிழகத்தில் புதியதொரு சிக்கலைத் தோற்றுவித்தது. ஒருவர் வாய் வைத்த கலத்தில் மற்றொருவர் வாய் வைப்பது தமிழ் வழக்கில் எச்சில். எச்சில் என்பது தூய்மை பற்றிய சொல் மட்டுமன்று. யாருடைய எச்சிலை யார் ஏற்கலாம் என்னும் சமூக வரிசையையும் அது சுட்டும். அப்பத்தைத் தனித்தனியே கையிலோ நாவிலோ பெறலாம். ஒரே கிண்ணத்தை அவ்வாறு பகுக்க இயலாது.

தமிழ்ச் சொல்லாக்கமும் இவ்விடத்தில் கருதத்தக்கது. நற்கருணை என்னும் சொல் கிரேக்க மூலச் சொல்லின் உறுப்புகளை நன்மை, கருணை எனப் பகுத்து ஆக்கப்பட்டது போல் அமைந்து, சடங்கின் அருள் தன்மையை உணர்த்துகிறது. இராப்போஜனம் என்னும் சீர்திருத்தச் சபைச் சொல் அதன் உணவுத் தன்மையை முன்னிறுத்துகிறது. 1871ஆம் ஆண்டின் ஐக்கியத் திருமறைப் பதிப்பு, கொரிந்தியர் முதல் மடலில் ஆண்டவரின் மேசையைப் போஜனபந்தி என்று பெயர்க்கிறது. மேசை என்பது ஒரு பொருள். பந்தி என்பது உண்போர் அமரும் வரிசை. யாரோடு யார் ஒரே பந்தியில் அமரலாம் என்பதே தமிழ்ச் சமூகத்தில் சாதியின் நடைமுறை இலக்கணம். ஆகவே அச்சொல் மொழிபெயர்ப்பில் இடம்பெறுவதற்கு முன்பே, அதன் சிக்கல் ஆலயத்திற்குள் வந்துவிட்டது.

தரங்கம்பாடி மரபு

1706இல் தரங்கம்பாடிக்கு வந்த சீகன்பால்கும் அவருக்குப் பின் வந்தோரும் லுத்தரன் நற்கருணைக் கொள்கையைத் தமிழில் போதித்தனர். சாதி வேறுபாட்டை அவர்கள் போற்றவில்லை; எனினும் சபைக்குள் அதனை முற்றாக நீக்கவும் இல்லை. வெள்ளாளரும் பறையரும் ஒரே ஆலயத்தில் தனித்தனிப் பகுதிகளில் அமர்ந்தனர். நற்கருணைக்கும் ஒரு பிரிவினர் வந்து சென்ற பின்னரே மற்றவர் வந்தனர்.

இதன் விளைவை இராஜநாயக்கனின் வாழ்வு காட்டும். தஞ்சைப் படையில் வீரராயிருந்த அவர் பறையர் சமூகத்தவர். சீகன்பால்கின் மொழிபெயர்ப்பைப் படித்துச் சீர்திருத்தச் சபைக்கு வந்தார். தஞ்சைப் பகுதியில் சபை வளர்ந்ததில் அவருடைய உபதேசியப் பணிக்குப் பெரும் பங்குண்டு. ஆயினும் 1733இல் முதல் தமிழ்க் குருவாக அருட்பொழிவு பெற்றவர் வெள்ளாளரான ஆரோன். பின்னர் இராஜநாயக்கனின் பெயர் கருதப்பட்டபோது, அவர் கையிலிருந்து நற்கருணை பெற உயர்சாதிக் கிறித்தவர் தயங்குவர் என்பதே தடையாக நின்றது. அவர் 1771இல் உபதேசியாராகவே மறைந்தார். அவருடைய தகுதியைப் பற்றிய ஐயம் அன்று, அவருடைய கையைப் பற்றிய ஐயமே அவரைத் தடுத்தது.

கத்தோலிக்கத் திருச்சபையும் இவ்வினாவிலிருந்து விலகி நிற்கவில்லை. நோயுற்ற பறையரின் இல்லத்திற்குச் சென்று இறுதித் திருவருட்சாதனங்களை வழங்கக் குருமார் தயங்கலாகாது என்று 1704இல் கர்தினால் தூர்னோன் புதுச்சேரியில் ஆணையிட்டார். நாற்பது ஆண்டுக்கால வழக்கிற்குப் பின் 1744இல் திருத்தந்தை பதினான்காம் பெனடிக்டின் ஆணை அவ்விவாதத்தை முடித்துவைத்தது. அங்கே வினா குருவின் காலடி பற்றியது. சீர்திருத்தச் சபையில் கிண்ணத்தின் விளிம்பு பற்றியது.

இளமையும் கல்வியும்

வேதநாயகம் 1774 செப்டம்பர் 7ஆம் நாள் திருநெல்வேலியில் பிறந்தார். தந்தை தேவசகாயம் வெள்ளாளர். அருணாசலம் என்னும் பெயருடன் சைவராயிருந்து, கத்தோலிக்கத்தைத் தழுவி, பின்னர்ச் சீர்திருத்தச் சபைக்கு வந்தவர். தமிழ்ப் புலமை உடையவர். 1785இல் திருநெல்வேலிப் பகுதிக்கு வந்த சுவார்ட்ஸ் ஐயர், சிறுவனின் அறிவுத்திறம் கண்டு அவரைத் தஞ்சைக்கு அழைத்துச் சென்று கல்வி அளித்தார். தஞ்சை இளவரசர் சரபோஜியும் சுவார்ட்ஸின் பாதுகாப்பில் இருந்தவரே. ஒரே ஆசானின் நிழலில் வளர்ந்த இவ்விருவரின் உறவு, பிற்காலத்தில் சாஸ்திரியாரின் வாழ்வைத் தாங்கும் தூணாயிற்று.

பின்னர்த் தரங்கம்பாடியில் முனைவர் ஜான் முதலியோரிடம் இறையியலும் வானவியல், புவியியல் முதலிய புதுக்கல்வியும் பயின்று, இருபது வயதை ஒட்டித் தஞ்சையில் ஆசிரியப் பொறுப்பேற்றார். 1798இல் சுவார்ட்ஸ் மறைந்தார். அவர் நடத்திய முறையே சாஸ்திரியாருக்கு வாழ்நாள் முழுதும் அளவுகோலாக நின்றது. சுவார்ட்ஸ் காலத்துச் சபையில் வேறுபாடு இருந்தது, வற்புறுத்தல் இல்லை. காலப்போக்கில் மறையும் என்று சுவார்ட்ஸ் பொறுத்துக்கொண்டதைச் சாஸ்திரியார் ஏற்கப்பட்ட நெறியாகவே கொண்டார்.

குறவஞ்சியில் குறத்தியின் இடம்

1800இல் இயற்றிய பெத்லகேம் குறவஞ்சி அவருக்குப் புகழ் தந்தது. குற்றாலக் குறவஞ்சி வழிவந்த அமைப்பில், சீயோன் மகளாகிய தேவமோகினி பெத்லகேம் நாதர் மீது காதல் கொள்கிறாள். விசுவாசத்தின் உருவாக வரும் குறத்தி அவளுக்குக் குறி சொல்கிறாள். பறவை பிடிக்கும் சிங்கன் ஆன்மாக்களைச் சேர்ப்பவனாகிறான். புதிய வானவியல் செய்திகளும் இந்நூலில் இடம்பெறுகின்றன.

நற்கருணைச் சிக்கலோடு இணைத்து நோக்கின் இந்நூலில் ஒரு முரண் புலப்படும். குறவஞ்சி என்னும் இலக்கிய வகை, சமூக விளிம்பில் வாழும் பெண்ணைத் தலைவியின் அந்தப்புரத்திற்குள் அழைத்து வருகிறது. தலைவி தன் கையை அவளிடம் நீட்டுகிறாள். குறத்தி அக்கையைப் பற்றிக் குறி சொல்கிறாள். அவ்வாறு பற்றும் கையைச் சாஸ்திரியார் விசுவாசத்தின் கையாக்கினார். கவிதை அனுமதித்த தொடுகையை ஆலயத்தின் நற்கருணை வரிசை அனுமதிக்கவில்லை. அவருடைய உருவகம் சென்ற தொலைவிற்கு அவருடைய சபை ஒழுங்கு செல்லவில்லை.

1829ஆம் ஆண்டின் வழக்கு

1820களின் நடுவில், தஞ்சை, திருச்சி, வேப்பேரிச் சபைகள் ஆங்கிலேயரின் நற்செய்தி பரப்புதல் சங்கத்தின் பொறுப்பில் வந்தன. புதிதாக வந்த இளைய குருமார் சாதியைச் சபைக்குள் இருக்கும் புறச்சமய எச்சமாகக் கண்டனர். எல்லாரும் கலந்தமர்ந்து வேறுபாடின்றி நற்கருணை பெறவேண்டும் என்று வற்புறுத்தினர். சாஸ்திரியார் எதிர்த்தார். 1829ஐ ஒட்டி அவர் எழுதிய உரைநடைப் பகுதிகளும் விண்ணப்பங்களும் அவ்வெதிர்ப்பின் ஆவணங்கள்.

அவருடைய முறையீடு சாதி ஒன்றோடு நிற்கவில்லை. பழகிய திருமறை மொழிபெயர்ப்பை மாற்றுதல், சாதிகளை வலிந்து கலத்தல், திருநாள்களில் பூக்களை விலக்குதல், தமிழிசைப் பாடல்களை வழிபாட்டிலிருந்து நீக்குதல் ஆகிய நான்கும் அவர் பார்வையில் ஒரே கொடுமையின் நான்கு முகங்கள். இன்றைய வாசகர் மொழி, மலர், இசை ஆகிய மூன்றிலும் அவர் பக்கம் நிற்பர், நான்காவதில் விலகுவர். அவருக்கோ அவை பிரிக்க இயலாதவை. நான்கையும் அவர் தமிழ்ச் சமூகத்தின் ஆசாரம் என்றே கருதினார்.

அவர் தரப்பின் வாதம் லுத்தரன் இறையியலுக்கு அயலானதன்று. இறைவன் கட்டளையிடாததும் விலக்காததுமான நடுநிலைச் செயல்கள் உண்டு என்பது அம்மரபின் கொள்கை. 1577இல் உருவான இணக்க வாய்பாட்டின் பத்தாம் பிரிவு அதனை விளக்குகிறது. சாதி வேறுபாடு குடிமை வழக்கு. அது மீட்பைத் தருவதும் இல்லை, தடுப்பதும் இல்லை. ஐரோப்பியரிடத்தும் குலமும் பதவியும் பார்த்து இடம் ஒதுக்கும் முறை உண்டு. முன்னைய குருமார் பொறுத்ததைப் பின்வந்தோர் பாவம் என்பது முன்னோரைப் பழிப்பதாகும். வாதத்தின் சாரம் இதுவே. சமயத்திற்கும் குடிமை வழக்கிற்கும் இடையே கோடிட்டு வாழ்வது சாஸ்திரியாரின் இயல்பு. அரசவையில் கவிஞராயிருந்தும் பிற தெய்வக் காப்புப் பாட அவர் மறுத்தார் என்பது அவர் மரபினர் வழிவழியாகச் சொல்லிவரும் செய்தி. அரசருக்குப் பணிவது வழக்கு, வழிபாடு வேறு என்ற அதே கோட்டைத்தான் சாதியிலும் அவர் வரைந்தார்.

அக்கோடு நற்கருணையில் நிற்கவில்லை. நடுநிலைச் செயல் என்பது சடங்கின் சாரத்தைத் தொடாத புறச்செயல். பாடும் மொழியும் சூட்டும் மலரும் அத்தகையவை. ஆனால் ஒரே உடலாதல் என்பதே சாரமாயிருக்கும் சடங்கில், யாரோடு பகிர்வது என்பது புறச்செயலாக முடியாது. கிறிஸ்துவின் குருதி மெய்யாகவே அக்கிண்ணத்தில் இருப்பதாக நம்பும் லுத்தரன் மரபில், மற்றொருவர் உதடு பட்டதால் அக்கிண்ணம் தாழ்வுற்றது என்று அஞ்சுவது அந்த நம்பிக்கையையே குலைக்கும். சுவிங்கிலியின் நினைவுக் கொள்கையை ஏற்றவருக்கு இந்த இடர்ப்பாடு இத்துணைக் கடுமையாக இராது. மெய்ப்பிரசன்னத்தை நம்பியதாலேயே சாஸ்திரியாரின் வாதம் தன் அடித்தளத்தில் வலுவிழக்கிறது.

இன்னொரு குறையும் சுட்டத்தக்கது. இரு தரப்பு என்று பேசப்படும் இவ்வழக்கில் எழுத்தில் நிற்பவை பெரும்பாலும் குருமாரின் குரலும் உயர்சாதிக் கிறித்தவரின் குரலுமே. வரிசையின் பின்னே நின்றவர், தாம் பெற்ற கிண்ணத்தைப் பற்றி என்ன கருதினர் என்பது சாஸ்திரியாரின் எழுத்தில் வினாவாகவே எழவில்லை.

இவ்வெதிர்ப்பின் விலையாக அவர் சபைப் பணியையும் ஊதியத்தையும் இழந்தார். சரபோஜி மன்னர் அவரை ஆதரித்தார். சுவார்ட்ஸின் சபை கைவிட்ட கவிஞரைச் சுவார்ட்ஸின் மாணாக்கரான சைவ மன்னர் காத்தார். 1832இல் சரபோஜி மறைந்தார்.

வில்சனின் கடிதமும் வேப்பேரியும்

1833 ஜூலையில் கல்கத்தா ஆயர் டேனியல் வில்சன் தென்னகச் சபைகளுக்குச் சுற்றுமடல் விடுத்தார். சாதி வேறுபாடு உறுதியாகவும் உடனடியாகவும் முடிவாகவும் கைவிடப்பட வேண்டும்; நற்கருணைக்கு அனைவரும் வேறுபாடின்றி வரவேண்டும் என்பது அதன் கருத்து. இம்மடல் வாசிக்கப்பட்டபோது தஞ்சையில் மட்டுமன்றிச் சென்னை வேப்பேரியிலும் சபையினர் பலர் வெளியேறினர். 1835இன் தொடக்கத்தில் வில்சன் தஞ்சைக்கும் திருச்சிக்கும் நேரில் வந்தும் பிளவு முற்றும் நீங்கவில்லை. 1840களில் தமிழகத்தில் காலூன்றிய லைப்சிக் லுத்தரன் மிஷன், வெளியேறியோர் பலருக்குப் புகலிடமாயிற்று. அம்மிஷனின் இயக்குநரும் திருக்குறளை ஜெர்மன் மொழியில் பெயர்த்தவருமான கிரவுல், சாதியைப் பெரிதும் குடிமை வழக்காகக் கருதிப் பொறுமை வேண்டினார். சாஸ்திரியார் தமிழில் முன்வைத்த வாதம் இவ்வாறு ஜெர்மானிய இறையியல் மொழியில் மறுபிறவி எடுத்தது. 1850இல் சென்னை மிஷனரி மாநாடு அதற்கு மாறாகச் சாதியைத் துறத்தலை வற்புறுத்தியது.

வேப்பேரிக்கு வடக்கே சூளை, பட்டாளம் கடந்தால் புளியந்தோப்பு. உழைக்கும் ஒடுக்கப்பட்ட மக்களின் குடியிருப்பாக வளர்ந்த அப்பகுதியில் 1921இல், பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகளின் வேலைநிறுத்தத்தின்போது, ஒரே ஆலையில் ஒன்றாக உழைத்தோர் சாதிவழியே பிரிந்து மோதினர், குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் மாண்டன. காரணங்கள் வேறு; களம் வேறு. எனினும் சாதி குடிமை வழக்கு மட்டுமே, அது ஒற்றுமையின் உள்ளீட்டைத் தொடாது என்ற நம்பிக்கை ஆலயத்தில் எவ்வாறு பொய்த்ததோ அவ்வாறே ஆலையிலும் பொய்த்தது என்பதை இவ்விரு நிகழ்வுகளையும் அருகருகே வைத்து நோக்குவோர் உணர்வர்.

கவிதை கடந்த எல்லை

சாஸ்திரியாரின் இறுதிக் காலம் பாடலில் கழிந்தது. ஜெபமாலை, ஞானத்தச்ச நாடகம், நோவாவின் கப்பல் பாட்டு முதலாக நூற்றுக்கு மேற்பட்ட படைப்புகள் அவர் பெயரில் வழங்குகின்றன. கும்மி, ஏற்றப்பாட்டு முதலிய உழைக்கும் மக்களின் வடிவங்களை அவர் கிறித்தவப் பொருளுக்கு ஆளாக்கினார். 1850களில் அமெரிக்க மதுரை மிஷனைச் சேர்ந்த எட்வர்ட் வெப் தமிழ்க் கீர்த்தனைகளைத் தொகுத்து அச்சிட்டபோது சாஸ்திரியாரின் பாடல்கள் அதில் முதன்மை பெற்றன. அதே மதுரை மிஷன், சாதியைத் துறத்தலைச் சபை உறுப்பினர்க்கு நிபந்தனையாக 1847இல் விதித்தது என்பது இங்கு நினைக்கத்தக்கது. அவருடைய சாதிக் கொள்கையை ஏற்காதவரே அவருடைய இசைக் கொள்கையை நிறைவேற்றினர். அவர் ஒன்றெனக் கட்டிய நான்கு முறையீடுகளை வரலாறு பிரித்தது. இசையை வைத்துக்கொண்டு வரிசையைத் தள்ளியது.

1864 ஜனவரி 24ஆம் நாள் தஞ்சையில் தம் தொண்ணூறாம் வயதில் அவர் மறைந்தார்.

நிறைவுரை

1982இல் லீமாவில் ஏற்கப்பட்ட திருமுழுக்கு, நற்கருணை, திருப்பணி பற்றிய ஆவணம், நற்கருணைப் பகிர்வு சமூக அநீதியையும் பிரிவினையையும் கேள்விக்குள்ளாக்குகிறது என்று வலியுறுத்தியது. அக்கருத்து புதியதாகத் தோன்றினும், தஞ்சையிலும் வேப்பேரியிலும் அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே அது வாழ்வின் வினாவாக இருந்தது. எச்சில், பந்தி, ஆசாரம் ஆகிய தமிழ்க் கருத்தாக்கங்கள் நற்கருணை இறையியலைச் சோதித்த முறை, தமிழ்ச் சபை ஐரோப்பியச் சிந்தனையைப் பெற்றுக்கொண்ட மாணாக்கர் மட்டும் அன்று என்பதைக் காட்டுகிறது. ஐரோப்பியர் மறந்திருந்த கொரிந்து வினாவை அது மீண்டும் எழுப்பியது.

வேதநாயகம் சாஸ்திரியாரைப் போற்றுவோர் இவ்வழக்கை மறைக்க வேண்டியதில்லை. அவரைக் குறைகூறுவோர் அவருடைய வாதத்தின் இறையியல் ஒழுங்கைப் புறக்கணிக்க வேண்டியதும் இல்லை. முறையான வாதம் ஒன்று முறையாகவே தோற்ற இடம் அது. அவர் காக்க முயன்ற பந்தி கலைந்தது. அவர் இயற்றிய பாடலை எல்லா வரிசையிலும் நின்றோர் ஒரே குரலில் பாடினர். இராஜநாயக்கன் முதலானோரின் சந்ததியினரும் அப்பாடல்களைப் பாடிய வரலாறு இன்னும் முழுமையாக எழுதப்படவில்லை. தமிழ்க் கிறித்தவ இலக்கிய ஆய்வு அடுத்துச் செல்லவேண்டிய திசை அதுவே.